மங்களத்துக்கு ஒரு நிமிஷம்

போன மாதம் வசந்தி வீட்டுக்கு வந்திருந்தாள். நான் வேலை பார்த்து ஓய்வுபெற்ற தொலைக்காட்சி நிலையத்தில் இப்போது அவள் தயாரிப்பாளர். கெட்டிக்காரப் பிள்ளை. ஆனால் உட்கார்ந்ததிலிருந்து கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பாள். காப்பியைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டாள்:

“சார், ஸ்டேஜ் டிராமா எது போட்டாலும் கடைசி ஒரு நிமிஷம் நடிச்சவங்க எல்லாரும் லைனா வந்து நிக்கிறாங்கல்ல, அது எதுக்கு? புது பாஸ் கேக்கறாரு. வேஸ்ட்லா, கட் பண்ணிடுங்கன்னாரு. யாரு ஆரம்பிச்சதுன்னு ஆபீஸ்ல ஒருத்தருக்கும் தெரியல.”

“செத்துப்போன மாதிரி நடிச்ச ஒரு மனுஷனுக்காக ஆரம்பிச்சது” என்றேன்.

கிண்டல் செய்கிறேன் என்று நினைத்துச் சிரித்தாள். நான் சிரிக்கவில்லை. வாயால் சொல்லி முடிக்கிற கதை இல்லை, எழுதித் தருகிறேன் போ என்று அனுப்பிவிட்டேன். எழுத உட்கார்ந்தால் அந்த ஒரு நிமிஷத்தோடு மற்றதெல்லாம் கூடவே வருகிறது.

என்னைப் பற்றிச் சொல்ல அதிகம் இல்லை. வளர்ந்தது சிராங்கூன் ரோட்டுக்குப் பின்னால், ஒரு மாவு மில்லின் மாடியில். ஐம்பதுகளில் அந்த வட்டாரத்தில் நாடகம் நடக்காத மாதம் கிடையாது. பள்ளிக்கூடக் கொட்டகை, தொழிற்சங்கத்து ஹால், கோயில் மண்டபம் என்று எங்கே திரை கட்டினாலும் நான் முன்வரிசையில் இருப்பேன். படிப்பு முடிந்து வானொலியில் குமாஸ்தாவாகச் சேர்ந்தேன். வசனம் நகலெடுத்தேன், கொட்டாங்கச்சியைத் தட்டிக் குதிரை ஓட்டினேன். அறுபதுகளின் தொடக்கத்தில் தொலைக்காட்சி வந்ததும், “நாடகம்னா உனக்குப் பைத்தியமாமே, நீ அங்க போ” என்று தள்ளிவிட்டார்கள். பயிற்சி என்ற பேரில் ஒரு வெள்ளைக்காரர் கரும்பலகையில் படம் போட்டுக் காட்டினார். பாதி புரியவில்லை, மீதியை முதல் வாரத்திலேயே மறந்துவிட்டேன். எனக்கு வேலை கற்றுக்கொடுத்தவர் அருளம்பலம் ஐயாதான்.

தமிழ்ப் பிரிவுக்கு அவர் தலைவர். யாழ்ப்பாணத்துப் பூர்வீகம், காத்தோங்கில் வீடு. நெற்றியில் மெல்லிய திருநீறு, கஞ்சி போட்ட வெள்ளைச் சட்டை, கழுத்தில் கறுப்புக் கயிற்றில் ஒரு ஸ்டாப்வாட்ச். அவர் குரலை உயர்த்தி நான் கேட்டதே இல்லை. தப்புச் செய்தவனை மேசைக்கு முன்னால் நிறுத்தி, “சொல்லும்” என்பார். நாம் சொல்ல வேண்டும். சொல்லி முடித்ததும், “வேற?” என்பார். அந்த ‘வேற’வுக்குப் பயந்து, செய்யாத தப்பையும் சேர்த்து ஒப்புக்கொண்டவர்கள் உண்டு. அவருக்குச் சிரிக்கத் தெரியாது என்று எங்களுக்குள் பந்தயமே நடந்தது.

அவர் எங்களுக்கு விதித்த சட்டம் ஒன்றுதான், செய்திக்கு வழிவிட வேண்டும். அப்போது எல்லாம் நேரடி ஒளிபரப்பு. ஸ்டூடியோவில் நடப்பது அந்தக் கணமே வீடுகளில் தெரியும். பதிவு செய்து வைத்துக்கொள்ளும் வசதி எங்கள் நாடகங்களுக்குக் கிடையாது. நடித்தது நடித்ததுதான், போனது போனதுதான். நாடகம் முடியவேண்டிய நேரத்தில் பக்கத்து அறையில் செய்தி வாசிப்பவர் டையைச் சரிசெய்துகொண்டு கேமராவைப் பார்த்து உட்கார்ந்திருப்பார். “நியூஸ் எனக்காகவும் நில்லாது, உமக்காகவும் நில்லாது. விளங்குதோ?” என்று அருளம்பலம் ஐயா ஒவ்வொரு ஒளிபரப்புக்கு முன்னாலும் சொல்வார். விளங்கியது என்று நாங்கள் தலையாட்டுவோம்.

மேடையில் இருப்பதைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவருவது என்றால் ஏதோ கேமராவைத் திருப்பினால் போதும் என்று பலர் நினைக்கிறார்கள். முதலில், விடிய விடிய நடக்கிற நாடகத்தை ஒரு மணி நேரத்துக்குள் அடக்க வேண்டும். அதற்குக் குழுவை நடத்துகிற நாடக வாத்தியாரோடு சண்டை போட வேண்டும். பிறகு நடிகர்களைத் தரையில் சாக்பீஸால் போட்ட கோட்டுக்குள் நிற்கப் பழக்க வேண்டும். அப்புறம் குரல். மேடை நடிகருக்குக் கடைசி வரிசையில் வெற்றிலை போட்டுக்கொண்டிருப்பவர் காதில் விழ வேண்டும். எங்கள் மைக் அவர் தலைக்கு மேலேயே தொங்கும். அப்படிக் கத்தினால் ஒலியைக் கவனிப்பவர் காதைப் பொத்திக்கொண்டு ஓடுவார்.

எல்லாவற்றையும்விடக் கஷ்டம் கைத்தட்டல்தான். மேடை நடிகர்கள் நல்ல வசனத்தைச் சொல்லிவிட்டு நிறுத்துவார்கள். கைத்தட்டல் ஓய்ந்த பிறகுதான் அடுத்த வரி. ஸ்டூடியோவில் தட்டுவதற்கு யாரும் இல்லை. இருந்தும் பழக்கம் விடாது, சும்மா நிற்பார்கள். வீட்டில் பார்ப்பவர்களுக்கு வசனம் மறந்துவிட்டது போலத் தெரியும். “தட்ட மாட்டாங்க, காத்திருக்காதீங்க” என்று ஒத்திகையில் தொண்டை கிழியக் கத்துவேன்.

இந்தக் கதை செம்பவாங் கடற்படைத் தளத்தின் கப்பல் பட்டறையில் வேலை செய்தவர்களின் நாடகக் குழுவைப் பற்றியது. எல்லோரும் பகலில் பட்டறையில் உழைத்துவிட்டு மாலையில் ராஜா வேஷம் போடுகிறவர்கள். குழுவை நடத்தியவர் மாணிக்க வாத்தியார். கதாநாயகன் சண்முகம். கப்பலின் பக்கவாட்டில் கயிற்றில் தொங்கும் பலகைமேல் உட்கார்ந்து துரு தட்டுவதும் சாயம் அடிப்பதும் அவர் வேலை. ஆள் உயரம், கருத்த முகம், பெரிய கண்கள். பாட ஆரம்பித்தால் நாம் கையில் வைத்திருப்பதைக் கீழே வைத்துவிட்டுக் கேட்போம்.

வாத்தியார் எங்களுக்காகத் தேர்ந்தெடுத்தது, கோட்டைக் கதவைத் தனியாளாகக் காத்து, கடைசியில் ஒரு பாட்டுப் பாடிவிட்டுச் சாகிற தளபதியின் கதை. செம்பவாங் பக்கம் அந்த நாடகத்துக்கு ரொம்ப நல்ல பேர். கதையைச் சுருக்குவதில் வாத்தியார் எதற்கும் தலையாட்டினார். ஒன்றைத் தவிர.

“மங்களத்துல மட்டும் கை வைக்காதீங்க, சார்.”

“ஏன், வாத்தியாரே? கதைதான் முடிஞ்சுபோச்சே.”

“செத்த வேஷம் போட்டவன் படுத்தபடியே மேடையைவிட்டு எறங்கக் கூடாது. திரையைத் திறந்து, எல்லாரையும் வரிசையா நிக்கவச்சு, செத்தவன் நடுவுல நிக்கணும். அவனுக்குக் கற்பூரம் காட்டி, அவன் வாயால மங்களத்தோட முதல் அடியை எடுக்கணும். சபை அதைப் பாக்கணும். எங்க குழுவுல அதுதான் சட்டம்.”

நெருப்புக் கூடாது என்பதால் கற்பூரம் வேண்டாம் என்றேன். மங்களத்துக்கு ஒரு நிமிஷம் ஒதுக்கினேன். ஒத்திகையில் ஸ்டாப்வாட்ச்சை வைத்து இரண்டு தடவை அளந்தார் அருளம்பலம் ஐயா. சரியாக வந்தது. அவர் தலையசைத்தார். அது அவருடைய உச்சபட்சப் பாராட்டு.

ஒத்திகையில் சண்முகத்தின் குரலை இறக்கவைப்பதற்குள் எனக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது. “கடைசி வரிசைக்குப் பேசாதீங்க, அண்ணே. வீட்ல உங்க சம்சாரத்துகிட்ட பேசற மாதிரி பேசுங்க” என்றேன்.

“நான் எங்க சார் பேசறேன், அவதான் பேசறா” என்றார். குழுவே சிரித்தது.

சம்சாரத்தின் பெயர் பாக்கியம். அவரைப் பற்றி வாத்தியார்தான் சொன்னார். எல்லா நாடகத்துக்கும் வருவாராம். ஆனால் கணவர் சாகிற காட்சி வந்தால் தலையைக் குனிந்துகொள்வாராம். பக்கத்தில் இருப்பவரைத் தொட்டு, “எந்திரிச்சுட்டாரா? எந்திரிச்சுட்டாரா?” என்று கேட்டுக்கொண்டே இருப்பாராம். எந்திரிச்சுட்டார் என்று யாராவது சொன்ன பிறகுதான் நிமிர்வாராம். கேட்டபோது எனக்கும் சிரிப்பாகத்தான் இருந்தது.

ஒளிபரப்பு நாள். நாடகம் நன்றாகவே போய்க்கொண்டிருந்தது. நான் கட்டுப்பாட்டு அறையில் கண்ணாடிக்குப் பின்னால், அருளம்பலம் ஐயா என் தோளுக்குப் பின்னால். சண்முகம் எந்த வசனத்துக்குப் பிறகும் காத்திருக்கவில்லை. கோட்டைக் கதவில் முதுகைச் சாய்த்துக்கொண்டு கடைசிப் பாட்டை எடுத்தார். கேமரா அவர் முகத்துக்கு நெருங்கியது. கண்ணில் நிஜமாகவே தண்ணீர். பாட்டு முடிந்தது. ஸ்டூடியோவில் ஒரு கைத்தட்டல் கேட்டது. படபடவென்று, தனியாக.

தட்டியவர் எங்கள் விளக்குக்காரர் அகமது. மலாய்க்காரர். ஒரு வார்த்தை தமிழ் தெரியாது. ஏணிமேல் நின்று பாட்டைக் கேட்டவர் தன்னை மறந்துவிட்டார்.

மேடை வழக்கம் தெரியாதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். பாட்டு முடிந்து அப்படிக் கைத்தட்டல் விழுந்தால் ‘ஒன்ஸ் மோர்’ என்று அர்த்தம். நடிகர் மறுக்கக் கூடாது, அது சபையை அவமதிப்பது. கைத்தட்டல் வராது என்று சண்முகத்தைப் பழக்கியிருந்தோம். வந்தால் என்ன செய்வது என்று யாரும் சொல்லித் தரவில்லை. அந்த மனுஷன் முகம் மலர்ந்து, கைகூப்பி, பல்லவியிலிருந்து மறுபடி எடுத்தார்.

ஆர்மோனியக்காரரும் மிருதங்கக்காரரும் அவர் பின்னாலேயே போனார்கள். ஸ்டூடியோவுக்குள் நின்ற எங்கள் ஆள் ‘சீக்கிரம் முடி’ என்று விரலைச் சுழற்றிச் சுழற்றிச் சைகை காட்டினான். யார் பார்த்தது? ஆனால் பொய் சொல்ல மாட்டேன், முதல் தடவையைவிட அது நன்றாக இருந்தது. என் தோளுக்குப் பின்னால் ஸ்டாப்வாட்ச்சின் டிக் டிக் மட்டும் கேட்டது.

தளபதி செத்தார். அரசன் வேஷத்தில் வாத்தியார் மண்டியிட்டுப் புலம்ப ஆரம்பித்தார். கேமரா சண்முகத்தின் மூடிய கண்களில் நின்றது. “நியூஸ்” என்றார் அருளம்பலம் ஐயா. நான் கத்தரித்தேன். அதற்காக நான் இன்றுவரை வருத்தப்பட்டதில்லை. யார் அந்த நாற்காலியில் இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பார்கள். திரையில் செய்தி வாசிப்பவர் வணக்கம் சொன்னார்.

கீழே ஸ்டூடியோவில் அவர்களுக்கு அது தெரியாது. கேமராக்களின் சிவப்பு விளக்கு அணைந்ததை யாரும் கவனிக்கவில்லை. புலம்பல் முடிந்து, வரிசையாக நின்று, சண்முகம் முதல் அடியை எடுத்து, மங்களத்தை முழுக்கப் பாடினார்கள். பிறகு வாத்தியார் என்னைப் பார்த்துக் கட்டைவிரலை உயர்த்தினார். என்ன நடந்தது என்று அப்போது அவர்களிடம் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. சந்தோஷமாக லாரியில் ஏறிப் போனார்கள்.

மறுநாள் அருளம்பலம் ஐயா எல்லோரையும் அழைத்து, யார் தட்டியது என்று கேட்டார். அகமது முன்னால் வந்தார். பாட்டு செடாப்பாக, அத்தனை இனிமையாக இருந்தது, கை தன்னைக் கேட்காமலே தட்டிவிட்டது என்று மலாயில் சொன்னார். அருளம்பலம் ஐயா ஸ்டாப்வாட்ச்சைப் பார்த்தார். ‘வேற?’ என்று கேட்கவில்லை. போகச் சொல்லிவிட்டார்.

விவகாரம் அத்தோடு முடிந்தது என்று நான் நிம்மதியாக இருந்தேன். வாரக் கடைசியில் மாணிக்க வாத்தியார் என்னைத் தேடி வந்தார். முகம் பேயறைந்த மாதிரி இருந்தது.

“சார், சண்முகம் வேலைக்குப் போகல. ஃபோர்மேன் ரெண்டு தடவை ஆள் அனுப்பிட்டாரு. நீங்க ஒருக்கா வந்து அந்தம்மாகிட்ட பேசணும்.”

செம்பவாங் குவார்ட்டர்ஸ் வரிசையில் அவர்கள் வீடு. சண்முகம் கட்டிலில் உட்கார்ந்திருந்தார். ஸ்டூடியோவில் கதவில் சாய்ந்து பாடிய ஆளா இவர் என்று இருந்தது. போன கையோடு பாக்கியம் டீ கொண்டுவந்து வைத்தார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

“என்னம்மா ஆச்சு?” என்றேன்.

“எல்லாருமா எதிர்வீட்டு டிவில பாத்தோம்ங்கய்யா. நான் தலையைக் குனிஞ்சுகிட்டேன். எந்திரிச்சுட்டாரான்னு கேட்டேன். யாரும் பேசல. மறுபடி கேட்டேன். அப்புறம் நிமுந்து பாத்தா வேற யாரோ ஒருத்தர் பேசிட்டிருக்காரு.”

“அது செய்தி, அம்மா. நேரம் ஆயிடுச்சு. அங்க அவங்க பாடினாங்க, நானே கண்ணால பாத்தேன்.”

“நீங்க பாத்தீங்க. ஊரு பாக்கலையே.” அப்போதுதான் நிமிர்ந்தார். “மறுநாள் காலையில தண்ணி புடிக்கப் போனா, ‘ஐயோ, சண்முகத்தைக் கொன்னு அப்படியே விட்டுட்டாங்களே’ன்னு ஒவ்வொருத்தியும் எங்கிட்ட வந்து சொல்றா. எங்க அண்ணன் இவரு தொங்கற அதே பலகையிலேர்ந்துதான் கப்பல் டாக்குல விழுந்து போயிட்டாரு. எனக்குப் பயமா இருக்குங்கய்யா. வேற ஒண்ணும் இல்ல.”

சண்முகம் மெதுவாகச் சொன்னார்: “அவளைச் சொல்லாதீங்க, சார். நான் ஒரு நாள் போனேன். பலகையில உக்காந்ததும் காலு நடுங்க ஆரம்பிச்சுடுச்சு. எறங்கி வந்துட்டேன். இப்படியே போனா சீட்டைக் கிழிச்சிருவாங்க.”

“நம்ம ஹால்ல ஊரைக் கூட்டி மங்களம் பாடிட்டோம், சார்” என்றார் வாத்தியார். “தேங்கா உடைச்சாச்சு. கற்பூரமும் காட்டியாச்சு. ஒண்ணும் வேலைக்காகல.”

“டிவில படுத்தவரு டிவிலதான் எந்திரிக்கணும்” என்றார் பாக்கியம். குரலில் கோபம் இல்லை. கணக்கு எங்கே உதைக்கிறது என்று சொல்கிற மாதிரிதான் சொன்னார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் எனக்கு எரிச்சலாக வந்தது. நான் சாமி கும்பிடுகிறவன்தான், ஆனால் இந்த மாதிரிப் பேச்சை நம்புகிறவன் இல்லை. இருந்தாலும் ஒரு மனுஷன் பலகையில் உட்கார முடியாமல் நடுங்குகிறான். நம்பிக்கை பொய்யாக இருக்கலாம், நடுக்கம் நிஜம். பலகையில் நடுங்கினால் அவன் நிஜமாகவே விழுவான். ஏறாவிட்டால் குடும்பம் சாப்பிடாது. அருளம்பலம் ஐயாவிடம் போய்த்தான் ஆக வேண்டும் என்று முடிவு செய்தேன்.

“சொல்லும்” என்றார்.

சொன்னேன். பாக்கியம் தலை குனிந்ததையும் விடவில்லை. கடைசியில், அடுத்த வாரத் தமிழ் நிகழ்ச்சியில் மங்களத்துக்கு ஒரு நிமிஷம் வேண்டும் என்று கேட்டேன். அவர் பேனாவை மூடி வைத்தார்.

“மூடநம்பிக்கைக்கு நேரம் ஒதுக்கச் சொல்லுறீரோ?”

“ஆமாம், ஐயா” என்றேன். வேறு என்ன சொல்வது?

ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். முதுகைக் காட்டியபடியே கேட்டார்:

“அந்த நாடகத்துக்கு நாங்கள் அளந்து வச்ச நேரத்துக்குள்ள மங்களமும் இருந்ததோ?”

“இருந்தது, ஐயா. நீங்கதான் அளந்தீங்க.”

“ஒளிபரப்பானதோ?”

“இல்ல.”

“அப்ப, நிகழ்ச்சி இன்னும் முடியேல்லை.” திரும்பினார். “இது மூடநம்பிக்கை இல்லை. முடியாத நிகழ்ச்சி. அதை முடிச்சுப்போட்டு வாரும். வாற கிழமை வீணைக் கச்சேரியில ஒரு நிமிஷத்தை நான் வெட்டுறன். ஏனெண்டு ஒருத்தருக்கும் சொல்ல வேண்டாம்.”

வாசல் வரை போனவனை மறுபடி கூப்பிட்டார். “கற்பூரம் வேணுமெல்லோ?”

“ஸ்டூடியோவில நெருப்பு கூடாதே, ஐயா.”

“கூடாதுதான். நான் பக்கத்தில நிக்கிறன்.”

அடுத்த வாரம் வீணைக் கச்சேரி முடிந்ததும் இரண்டாவது ஸ்டூடியோவுக்கு மாறினேன். அறிவிப்பு எதுவும் கொடுக்கவில்லை. திரையில் குழுவினர் அதே வேஷத்தில் வரிசையாக நின்றார்கள். நடுவில் கண்மூடிப் படுத்திருந்த சண்முகம் எழுந்து நின்றார். மாணிக்க வாத்தியார் கற்பூரத் தட்டை ஏந்தி அவர் முகத்துக்குக் காட்டினார். கேமராவுக்குத் தெரியாத மூலையில் அகமது மணல் வாளியோடும், அருளம்பலம் ஐயா ஈரச் சாக்கோடும் நின்றார்கள். சண்முகம் முதல் அடியை எடுத்தார். குரல் கொஞ்சம் உடைந்திருந்தது. கடைசி வரிசைக்குக் கேட்கிற மாதிரி பாடினார். நானும் குரலை இறக்கச் சொல்லவில்லை.

செம்பவாங்கில் அந்த எதிர்வீட்டில் என்ன நடந்தது என்று பின்னால் கேள்விப்பட்டேன். பாக்கியம் தலை குனிந்து உட்கார்ந்திருந்தாராம். அவர் கேட்பதற்கு முன்னாலேயே அந்த வீட்டிலிருந்த பெண்கள், குழந்தைகள், ஆண்கள் அத்தனை பேரும் ஒன்றாக, “எந்திரிச்சுட்டாரு” என்றார்களாம். திங்கட்கிழமை சண்முகம் பலகையில் ஏறினார்.

அதற்கப்புறம் எந்த மேடை நாடகத்தைக் கொண்டுவந்தாலும் கடைசி நிமிஷம் நடிகர்களுக்கு என்று அருளம்பலம் ஐயா வைத்துவிட்டார். காரணம் கேட்டவர்களிடம், “நிகழ்ச்சியை முடிக்க வேணும்” என்பார். வசந்தி, உன் பாஸ் அதை வைத்துக்கொள்வதும் எடுப்பதும் அவர் பாடு. ஆனால் அது யாருடைய நிமிஷம் என்று தெரிந்துகொண்டு எடுக்கட்டும்.

இத்தோடு நிறுத்தியிருக்கலாம். இன்னும் ஒன்று இருக்கிறது.

அறுபதுகளின் கடைசியில் வெள்ளைக்காரர்கள் தளத்தை விட்டுப் போகப்போவதாகச் செய்தி வந்தது. செம்பவாங்கில் எல்லோரும் வேலை போகுமா, வீடு போகுமா என்று பேசிக்கொண்டிருந்த நாட்கள். சண்முகம் பலகையிலிருந்து விழவில்லை. வருஷக்கணக்காகத் துருவையும் சாயத்தையும் சுவாசித்த நெஞ்சு அடைத்துக்கொண்டது. கொஞ்ச நாள் ஆஸ்பத்திரி, பிறகு வீடு. ஒரு காலையில் வாத்தியார் நிலையத்துக்குப் போன் செய்தார். நான் அருளம்பலம் ஐயாவிடம் லீவு கேட்கப் போனேன். அவர் கார்ச் சாவியை எடுத்துக்கொண்டார்.

வீட்டுக்கு முன்னால் பந்தல் போட்டிருந்தார்கள். சண்முகத்தைக் கிடத்தியிருந்தார்கள். பாக்கியம் கால்மாட்டில் தலையைக் குனிந்தபடி உட்கார்ந்திருந்தார். “காலையிலேர்ந்து மொகத்தைப் பாக்கவே மாட்டேங்குறாங்க” என்று பக்கத்துவீட்டு அம்மா என்னிடம் சொன்னார்.

என் குரல் கேட்டதும் நிமிராமலே பேசினார்: “ஐயா, அன்னிக்கு டிவில எந்திரிச்சு நின்னாருல்ல, அதை எடுத்து வச்சிருக்கீங்களா? புள்ளைங்களுக்கு ஒருக்கா காட்டணும்.”

அருளம்பலம் ஐயாதான் குனிந்து பதில் சொன்னார். “இல்லை, அம்மா. அது அப்படியே போட்டது. வச்சிருக்க வழி இருக்கேல்லை.” அவர் யாரிடமும் அப்படித் தாழ்ந்த குரலில் பேசி நான் கேட்டதில்லை. எத்தனையோ நிகழ்ச்சிகள் காற்றோடு போயின, அதற்கெல்லாம் நான் கவலைப்பட்டதில்லை. அந்த ஒரு நிமிஷம் இல்லையே என்று அன்று எனக்கு நெஞ்சு வலித்தது.

சடங்குகள் முடிந்தன. எடுக்கலாமா என்று பெரியவர் ஒருவர் கேட்டார். நாலு பேர் குனிந்து மூங்கிலைப் பிடித்தார்கள்.

“வாத்தியாரய்யா, பாடிட்டு எடுங்க” என்றார் பாக்கியம்.

“என்னம்மா?”

“மங்களம்.”

“சாவு வீட்டுல மங்களமா? என்னம்மா பேசற நீ?” என்றார் அந்தப் பெரியவர்.

“படுத்தபடி எறங்கக் கூடாதுன்னு சட்டம் வச்சது வாத்தியாரய்யாதானே. இவருக்கு மட்டும் இல்லையா?”

வாத்தியார் என்னைப் பார்த்தார். நான் அருளம்பலம் ஐயாவைப் பார்த்தேன். அவர் கழுத்தில் அன்றும் ஸ்டாப்வாட்ச் தொங்கிக்கொண்டிருந்தது. அதைச் சட்டைக்குள் போட்டுவிட்டு, “பாடுங்கோ” என்றார்.

குழுவினர் தாங்களாகவே வந்து வரிசையாக நின்றார்கள். நடுவில் சண்முகம் நிற்கிற இடத்தைக் காலியாக விட்டிருந்தார்கள். முதல் அடி எப்போதும் சண்முகத்தினுடையது. யாரும் எடுக்கவில்லை. வாத்தியார் இரண்டு தடவை வாயைத் திறந்து மூடினார். மூன்றாவது தடவை, உடைந்த குரலில், அவரே எடுத்தார். மற்றவர்கள் சேர்ந்துகொண்டார்கள். மூங்கிலைப் பிடித்திருந்த ஒருவரும் பாடினார்.

அப்போதுதான் பாக்கியம் தலையை நிமிர்த்தினார். மங்களம் முடிகிற வரைக்கும் தன் புருஷன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.